கொல்லிமலைத் தரவுகளில் தேதி: கூட்டுத் தொகுப்புக் கலைக்களஞ்சியங்களில் எழும் பிணக்குகளும் தீர்வு நெறிகளும்

ஆய்வுச்சுருக்கம்

பலர் கூடித் தொகுக்கும் இணையக் கலைக்களஞ்சியங்களில் தேதியை எழுதும் முறை குறித்து எழும் கருத்து வேறுபாடுகள் நடை சார்ந்த சிறு பூசல்களாகவே எண்ணப்படுகின்றன. ஆயின் 'தேதி வடிவம்' என்ற ஒரே பெயரால் சுட்டப்படும் பிணக்குகளுள் நான்கு வேறு வினாக்கள் அடங்கியுள்ளன. நாள், மாதம், ஆண்டு ஆகியவற்றின் வரிசை எது? எந்தக் காலக்கணிப்பு முறைமை? எவ்வளவு துல்லியம்? எந்த நிகழ்வின் தேதி? நாமக்கல் மாவட்டக் கொல்லிமலை தொடர்பான நான்கு தரவுகளைச் சான்றாகக் கொண்டு இவ்வினாக்களை இக்கட்டுரை வேறுபடுத்திக் காட்டுகிறது. முதல் வினாவை உடன்பாட்டால் தீர்க்கலாம். எஞ்சிய மூன்றும் ஆய்வால் மட்டுமே தீர்க்கத்தக்கவை என்பதை விளக்குகிறது.

திறவுச்சொற்கள்: கொல்லிமலை, தேதி வடிவம், தமிழ் விக்கிப்பீடியா, விக்கித்தரவு, வல்வில் ஓரி, திருவள்ளுவர் ஆண்டு, காலக்கணிப்பு.

முன்னுரை

தொழுநோயாளர்களின் கைகளைச் சீரமைக்கும் அறுவை மருத்துவத்தை வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியில் வளர்த்தெடுத்த மருத்துவர் பால் பிராண்டு கொல்லிமலையில் பிறந்தவர். அவர் பிறந்த நாள் 1914 ஜூலை 17. மறைந்த நாள் 2003 ஜூலை 8. மறைந்த இடம் அமெரிக்காவின் சியாட்டில் நகரம். இவ்விரு தேதிகளையும் எண்களால் மட்டும் எழுதும்போது ஒரு சிக்கல் தோன்றுகிறது. பிறந்த தேதியை 17/7/1914 என எழுதினும் 7/17/1914 என எழுதினும் பொருள் மாறுவதில்லை. பதினேழாம் மாதம் என ஒன்று இல்லையாதலின் படிப்பவர் தாமே தெளிவு பெறுவார். மறைந்த தேதி அத்தகையதன்று. அமெரிக்க இதழொன்று அதனை 7/8/2003 என அச்சிடுமாயின், கொல்லிமலையில் அதனைப் படிக்கும் ஆசிரியர் ஆகஸ்டு 7 என்றே கொள்வார். அவர் தம் மொழிக் கலைக்களஞ்சியத்தில் அதனை அவ்வாறே பதிவாரெனின், பிழை தமிழில் நிலைபெற்றுவிடும்.

ஒரு மாதத்தின் 12ஆம் நாள் வரையுள்ள தேதிகளில், நாளெண்ணும் மாத எண்ணும் ஒன்றாக அமைவன நீங்கலாக, ஏனைய அனைத்துக்கும் இம்மயக்கம் உண்டு. ஓர் ஆண்டில் இத்தகைய நாள்கள் 132. எனவே தேதி வடிவம் பற்றிய விவாதத்தை வெறும் விருப்பு வெறுப்பு எனத் தள்ளிவிட இயலாது. எனினும், அவ்விவாதம் முழுவதும் வரிசையைப் பற்றியது என்று கொள்வதும் தவறாகும். இதனை முதலில் ஆங்கில விக்கிப்பீடியாவின் பட்டறிவு கொண்டும், பின்னர்க் கொல்லிமலைத் தரவுகள் கொண்டும் காண்போம்.

பிணக்கின் வரலாறு

விக்கிப்பீடியாவை இயக்கும் மீடியாவிக்கி மென்பொருளில், தேதிகளைப் பயனரின் விருப்பத்திற்கேற்ப மாற்றிக் காட்டும் வசதி 2003ஆம் ஆண்டளவில் சேர்க்கப்பட்டது. தொகுப்பவர் தேதியை இரட்டைச் சதுர அடைப்புக்குள் இணைப்பாக இடுவார். கணக்கு வைத்திருக்கும் பயனர் தம் விருப்பத்தில் நாள் முதலா, மாதம் முதலா என்று குறித்திருப்பாரெனின், பக்கம் அவ்வாறே தோன்றும். பிரித்தானிய வழக்கினருக்கும் அமெரிக்க வழக்கினருக்கும் இடையே எழுந்த பூசலைத் தொழில்நுட்பத்தால் தணிக்கும் முயற்சி இது.

அம்முயற்சி இரு காரணங்களால் தோல்வியுற்றது. முதலாவதாக, கணக்கின்றிப் படிப்போருக்கு இவ்வசதி பயன்படவில்லை. படிப்போருள் மிகப் பெரும்பாலோர் அத்தகையோரே. தொகுப்பவர்கள் தத்தமக்குத் தோன்றிய வரிசையில் எழுதிய தேதிகள் ஒரே கட்டுரையில் கலந்து கிடப்பதையே அவர்கள் கண்டனர். கணக்குடைய தொகுப்பாளர்களுக்கோ அக்குறை கண்ணிற்படவில்லை. இரண்டாவதாக, கட்டுரைப்பொருளுக்குத் தொடர்பற்ற தேதி இணைப்புகள் பக்கமெங்கும் மலிந்தன. 2008 ஆகஸ்டில் நடைக் கையேடு இம்முறையைக் கைவிட்டது. ஆயினும், இணைப்புகளைத் தானியங்கி நிரல்களால் பெருமளவில் நீக்கத் தொடங்கியதும் பூசல் முற்றியது. வழக்கு நடுவர் குழுவரை சென்று 2009 ஜூனில் முடிவுற்றது. தொகுப்பாளர் பலர்மீது கட்டுப்பாடுகள் விதிக்கப்பட்டன.

இவ்வழக்கிற்கு முன்னரே, 2005இல், ஆண்டுக் குறியீடு குறித்த பூசலொன்றில் அதே குழு ஒரு நெறியை வகுத்திருந்தது. இரு நடைகளும் ஏற்கத்தக்கனவாயின், தக்க காரணமின்றி ஒன்றை மற்றொன்றாக மாற்றலாகாது என்பதே அது. இன்றைய நடைமுறை இந்நெறியை ஒட்டியது. ஒரு நாட்டோடு வலுவான தொடர்புடைய கட்டுரை அந்நாட்டு வழக்கைப் பின்பற்றும். ஏனையவற்றில் முதலில் நிலைபெற்ற வடிவம் தொடரும். ஒரு கட்டுரைக்குள் வடிவம் சீராக இருத்தல் வேண்டும்.

இந்நெறி அமைதியைத் தந்தது. ஆனால் அது தந்த அமைதி வரிசை பற்றியது மட்டுமே. எது சரியான வடிவம் என்னும் வினாவிற்கு விடை காணாமல், யார் எப்போது மாற்றலாம் என்பதையே அது வரையறுத்தது. இரு வடிவங்களும் ஒரே செய்தியைத் தரும் இடங்களில் இது போதுமானது. வடிவம் மாறும்போது செய்தியும் மாறும் இடங்களில் போதாது.

வரிசை: தமிழின் இருவேறு வழக்குகள்

பால் பிராண்டு கொல்லிமலையில் பிறந்து, இங்கிலாந்தில் பயின்று, வேலூரில் பணியாற்றி, அமெரிக்காவில் மறைந்தவர். நாட்டுத் தொடர்பு என்னும் அளவுகோல் இங்கு ஒரு முடிவைத் தருவதில்லை. தமிழ்க் கட்டுரையிலோ இவ்வினா வேறு வகையில் எழுகிறது.

தமிழ்நாட்டு அலுவலக வழக்கில் எண்களால் எழுதும் தேதி நாளில் தொடங்கும்: 08.07.2003. இது ஆங்கில ஆட்சிக்கால அலுவலக நடைமுறையின் தொடர்ச்சி. ஆனால் அதே எழுத்தர் சொற்களால் எழுதும்போது '2003ஆம் ஆண்டு ஜூலைத் திங்கள் 8ஆம் நாள்' என ஆண்டில் தொடங்குகிறார். அடைமொழி பெயருக்கு முன் வருவதும், பெரிய அளவிலிருந்து சிறிய அளவிற்குச் செல்வதும் தமிழ்த் தொடரமைப்பின் இயல்பு. கல்வெட்டுகளிலும் பெரும்பாலும் அரசன் பெயரை ஒட்டி ஆட்சியாண்டு இடம்பெறுகிறது. திங்கள், கிழமை, விண்மீன் முதலிய நுண்கூறுகள் குறிக்கப்படுமாயின் அதன் பின்னரே வருகின்றன. இலங்கைத் தமிழ் அலுவலக வழக்கில் எண்களிலும் ஆண்டு முதலாக, 2003.07.08 என எழுதுதல் பரவலாக உள்ளது. 1988இல் முதன்முதலில் வெளியான ஐ.எஸ்.ஓ. 8601 என்னும் பன்னாட்டுத் தரமும் 2003-07-08 என்னும் வரிசையையே வகுத்துள்ளது. எனவே ஆண்டு, மாதம், நாள் என்னும் வரிசை தமிழுக்கு அயலானதன்று. எண்வடிவில் அதனை எழுதும் பழக்கமே தமிழ்நாட்டில் குறைவு.

வரிசையோடு மாதப் பெயரின் எழுத்து வடிவமும் தமிழில் பிணக்கிற்கு இடமாகிறது. 2003இல் தொடங்கிய தமிழ் விக்கிப்பீடியா தமிழ்நாடு, இலங்கை, புலம்பெயர் நாடுகள் ஆகியவற்றைச் சேர்ந்தோரின் கூட்டுழைப்பால் வளர்ந்தது. ஆகவே ஜூலை, சூலை, யூலை என்றும், ஆகஸ்டு, ஓகஸ்ட், ஆகத்து என்றும் வடிவங்கள் வழங்குகின்றன. 'தேதி', 'திகதி' என்னும் சொல் வேறுபாடும் உண்டு. கிரந்த எழுத்து வேண்டுமா என்னும் பழைய விவாதமும் இங்கு வந்து சேர்கிறது. மேற்கோள் வார்ப்புருக்களைச் சரிபார்க்கும் நிரல், தன் பட்டியலில் உள்ள மாதப் பெயர்களையே ஏற்கும். பட்டியலில் இடம்பெறாத வடிவத்தை எழுதினால் தேதி சரியாக இருப்பினும் பிழைச்செய்தி தோன்றும். ஒரு வட்டார வழக்கை நிரல் 'பிழை' எனச் சுட்டுவது நடைச் சிக்கலைத் தாண்டி மதிப்புச் சிக்கலாகவும் ஆகிவிடுகிறது. இதற்கான தீர்வு எளிது. வழக்கிலுள்ள எல்லா வடிவங்களையும் நிரல் உள்வாங்கிக்கொண்டு, வெளியீட்டில் ஒரு கட்டுரைக்குள் ஒரே வடிவத்தைக் காட்டலாம். வடிவங்கள் எத்தனையாயினும் அவை சுட்டும் நாள் ஒன்றே ஆதலின், இவ்வினாவை உடன்பாட்டால் தீர்ப்பதில் இழப்பு ஏதுமில்லை.

முறைமை: ஆடி 18உம் ஆகஸ்டு 3உம்

கொல்லிமலையின் செம்மேட்டில் ஆண்டுதோறும் அரசு சார்பில் வல்வில் ஓரி விழா நடைபெறுகிறது. அது ஆடித் திங்கள் 17, 18 ஆகிய நாள்களுக்குரிய விழா. செய்தித்தாள்கள் அதனை ஆகஸ்டு 2, 3 எனக் குறிக்கின்றன. கலைக்களஞ்சியக் கட்டுரையில் எதனை எழுதுவது? ஒன்றை நீக்கி மற்றொன்றை இடுபவர் தாம் வடிவத்தைத் திருத்துவதாகவே எண்ணுவார். உண்மையில் அவர் செய்தியை மாற்றுகிறார்.

ஆடி 18 என்பது கதிரவன் கடக ராசியில் புகுவதைக் கொண்டு எண்ணப்படும் நாள். அது ஆங்கில நாள்காட்டியில் ஆகஸ்டு 2 அல்லது 3ஆக அமையும். மேலும், தமிழ்ச் சூரிய ஆண்டின் நீளம் கிரெகோரி ஆண்டின் நீளத்தினும் சற்று மிகுதி. அதனால் அறுபது, எழுபது ஆண்டுகளுக்கு ஒரு நாள் என்னும் அளவில் தமிழ் மாதப் பிறப்பு ஆங்கிலத் தேதியில் பின்தள்ளிச் செல்கிறது. ஆகவே 'ஆகஸ்டு 3' என நிலையாகப் பதிவது ஓர் ஆண்டுக்குப் பொருந்தலாம். விழாவின் இலக்கணத்திற்குப் பொருந்தாது. ஆடி 18 இவ்விழாவின் வரையறை. ஆகஸ்டு 3 அவ்வரையறையிலிருந்து கணித்துப் பெறும் விளைவு.

இத்தகைய மாற்றங்களில் இயந்திரக் கணக்கு எவ்வாறு தவறும் என்பதற்குத் திருவள்ளுவர் ஆண்டு நல்ல சான்று. கிறித்தவ ஆண்டுடன் 31 கூட்டினால் திருவள்ளுவர் ஆண்டு கிடைக்கும் என்பது பலரும் அறிந்த வாய்பாடு. ஆயின் திருவள்ளுவர் ஆண்டு தை முதல் நாளில் பிறப்பது. எனவே 1997 ஜனவரி 1ஆம் நாளுக்குரிய திருவள்ளுவர் ஆண்டு 2028 அன்று, 2027 ஆகும். அன்று மார்கழியே நடந்துகொண்டிருந்தது. வார்ப்புருவில் வெறுமனே 31 கூட்டும் நிரல், ஆண்டுதோறும் முதல் இரு வாரங்களுக்கு ஓர் ஆண்டைப் பிழையாகக் காட்டும். 1957 மார்ச்சு 22 அன்று இந்திய அரசு ஏற்ற தேசிய நாள்காட்டிக்கும் இதே விழிப்பு தேவை. சக ஆண்டு அந்நாளில் 1879 சைத்திரம் முதல் நாளாகத் தொடங்கியது. ஜனவரி முதல் மார்ச்சு மூன்றாம் வாரம் வரை கழிக்கவேண்டிய எண் 79, பின்னர் 78.

கி.பி., பொ.ஊ. என்னும் குறியீட்டு வேறுபாடு இதனின்றும் பிரித்து நோக்கத்தக்கது. அங்கு எண் மாறுவதில்லை, பெயரே மாறுகிறது. ஆகவே அது வரிசைச் சிக்கலைப் போன்றே உடன்பாட்டிற்குரியது. பெயர் மாற்றத்தையும் முறைமை மாற்றத்தையும் ஒன்றெனக் கருதுவதே பல உரையாடல்கள் முடிவின்றி நீளக் காரணம் எனலாம்.

இரு முறைமைகளையும் இணைத்து எழுதும் மரபு தமிழில் புதிதன்று. 1736இல் தொடங்கும் ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பில் ஐரோப்பியத் தேதியும் தமிழ் ஆண்டு, மாதம், நாள் ஆகியனவும் அருகருகே இடம்பெறுகின்றன. இரண்டும் இருப்பதால் ஒன்றில் நேர்ந்த எழுத்துப்பிழையை மற்றொன்று காட்டிக்கொடுக்கிறது. இன்றைய தொகுப்பாளர்கள் பின்பற்றத்தக்க முன்மாதிரி இது.

துல்லியம்: ஓரி வாழ்ந்த காலம்

கடையெழு வள்ளல்களுள் ஒருவனாகிய வல்வில் ஓரியைப் புறநானூற்றில் வன்பரணரும் கழைதின் யானையாரும் பாடியுள்ளனர். முள்ளூர் மன்னன் காரி ஓரியைக் கொன்று கொல்லியைச் சேரர்க்கு அளித்த செய்தி அகநானூற்றின் 209ஆம் பாட்டால் அறியவருகிறது. இச்சான்றுகள் தருவது ஒப்புக் காலம்; அதாவது ஓரி, காரி, சேரர் ஆகியோரின் உறவுநிலை. இவற்றுள் ஆண்டெண் எதுவும் இல்லை.

ஆயினும் கலைக்களஞ்சியத் தகவற்பெட்டியில் 'ஆட்சிக்காலம்' என ஒரு கட்டம் உண்டு. வெற்றுக் கட்டத்தைக் கண்ட தொகுப்பாளர் அதனை நிரப்ப விழைவது இயல்பு. 'கி.பி. 200' என ஒருவர் இடுவாராயின், சங்க காலத்திற்குப் பொதுவாகச் சொல்லப்படும் பரந்த கால எல்லை ஒரே ஆண்டாகச் சுருங்கிவிடும். மற்றொருவர் அதனைத் திருத்தி 'பொ.ஊ. 200' என்றோ, மேலுமொருவர் 'தி.ஆ. 231' என்றோ எழுதலாம். மூவரும் வடிவம் பற்றி வாதிடுவர்; எண்ணுக்கு ஆதாரம் உண்டா என்னும் வினா எழாமலேயே போகும். வடிவ விவாதத்தின் மிகப் பெரிய தீங்கு இதுவே. மூன்றாம் எண்ணில் உள்ள 'ஒன்று' என்னும் இலக்கம், முதல் எண்ணுக்கு இல்லாத நுட்பத்தை இருப்பதாகக் காட்டிவிடுகிறது.

2012இல் தொடங்கப்பெற்ற விக்கித்தரவு இச்சிக்கலுக்கு ஓரளவு இடமளித்துள்ளது. அங்கு ஒவ்வொரு தேதியும் மூன்று கூறுகளாகச் சேமிக்கப்படுகிறது: மதிப்பு, துல்லியம், நாள்காட்டி. துல்லியம் நாளளவில் 11, மாதத்திற்கு 10, ஆண்டிற்கு 9, பத்தாண்டிற்கு 8, நூற்றாண்டிற்கு 7 எனக் குறிக்கப்படும். ஆகவே 'இரண்டாம் நூற்றாண்டு' என்பதை ஓர் ஆண்டாகப் பொய்யாக்காமல் பதிய இயலும். ஆனால் இத்தரவை எடுத்துப் பயன்படுத்தும் நிரல் துல்லியக் குறியைப் படிக்காவிடில் அம்முயற்சி வீணாகும். ஆண்டளவில் மட்டும் தெரிந்த ஒரு பிறப்பு, வினவல் முடிவில் அவ்வாண்டின் ஜனவரி 1ஆகத் தோன்றுவது இதனாலேயே. ஒருவர் பிறந்த ஆண்டு மட்டுமே அறியப்பட்டிருக்க, அவருக்கு ஒரு பிறந்தநாளும் இவ்வாறு உண்டாகிவிடுகிறது.

நிகழ்வு: இரு தேதிகளும் சரியாகும் இடம்

கொல்லிமலை முன்னர்ச் சேலம் மாவட்டத்தில் அடங்கியிருந்தது; இன்று நாமக்கல் மாவட்டத்திற்கு உட்பட்டது. நாமக்கல் மாவட்டம் தோன்றிய நாள் யாது? 25.07.1996 என ஒருவரும் 01.01.1997 என மற்றொருவரும் எழுதலாம். சேலத்திலிருந்து பிரிக்கப்பட்டது முன்னைய நாளில். தனித்து இயங்கத் தொடங்கியது பின்னைய நாளில். இரண்டும் சரியானவை, வேறுபடுவது நிகழ்வு. 'உருவாக்கம்' என்னும் ஒற்றைச் சொல் இரு நிகழ்வுகளையும் மூடிவிடுவதால் தேதிகள் தம்முள் முரண்படுவனபோல் தோன்றுகின்றன. 'பிரிப்பு', 'செயல்பாட்டுத் தொடக்கம்' என இரு தலைப்புகளில் பதிந்தால் முரண் இல்லை.

இங்கு முந்தைய பகுதியின் சிக்கலும் வந்து இணைகிறது. 1997 ஜனவரி 1 என்பது நாமக்கல்லைப் பொறுத்தவரை உண்மையான நாள். ஆனால் ஆண்டு மட்டும் தெரிந்த தரவுகளுக்கெல்லாம் இயந்திரம் இடும் நாளும் ஜனவரி 1தான். துல்லியக் குறி இன்றி 1997-01-01 என்பதைக் காணும் ஆய்வாளர், அது ஆவணத்தால் அறியப்பட்ட நாளா, இயந்திரம் இட்டு நிரப்பிய நாளா எனப் பிரித்தறிய இயலாது. இரண்டும் எழுத்தளவில் ஒன்றே. வரிசை எவ்வளவு சீராக இருப்பினும் உண்மையான தேதியைப் பொய்த்தேதியினின்றும் அது பிரித்துக் காட்டாது என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டுவதில்லை.

தீர்வு நெறிகள்

மேற்கண்ட நான்கு தரவுகளிலிருந்து பின்வரும் நெறிகளை வகுக்கலாம்.

1. கட்டுரையின் உரைப்பகுதியில் மாதத்தை எழுத்தால் எழுதுதல் வேண்டும். இதனால் 132 நாள்களின் மயக்கமும் ஒருங்கே நீங்கும். அட்டவணைகளில் எண் தேவைப்படின் ஆண்டு, மாதம், நாள் என்னும் வரிசை தமிழ்த் தொடரமைப்பிற்கும் பன்னாட்டுத் தரத்திற்கும் ஒருசேரப் பொருந்தும்.

2. ஏற்கத்தக்க ஒரு வடிவம் கட்டுரையில் நிலைபெற்றிருப்பின் அதனை மாற்றாதிருத்தல் நன்று. ஈழ வழக்கோ தமிழ்நாட்டு வழக்கோ எதுவும் பிழையெனக் குறிக்கப்படலாகாது.

3. மூலம் தந்த முறைமையில் தேதியை முதலில் பதிந்து, மாற்றிய தேதியை அதனருகே தருதல் வேண்டும். மூலத் தேதியை நீக்கிவிட்டு மாற்றிய தேதியை மட்டும் இடுவது, பின்வருவோர் சரிபார்க்கும் வழியை அடைத்துவிடும்.

4. சான்று தரும் துல்லியத்தினும் மிகுந்த துல்லியத்தில் எழுதலாகாது. தகவற்பெட்டிக் கட்டம் வெறுமையாக இருப்பது குறையன்று.

5. இரு தேதிகள் முரண்படும்போது, அவை ஒரே நிகழ்வைச் சுட்டுகின்றனவா என்பதை முதலில் ஆராய்தல் வேண்டும்.

முடிவுரை

ஒரு தேதியை மாற்றும்போது, அத்தொடரின் பொருள் மாறுகிறதா என்பதே தொகுப்பாளர் தமக்குள் எழுப்ப வேண்டிய முதல் வினா. மாறவில்லையெனின் அது நடை பற்றியது, உடன்பாடு போதும். மாறுகிறதெனின் அது ஆய்வு பற்றியது, சான்று வேண்டும். பால் பிராண்டு மறைந்த நாளை எவ்வரிசையில் எழுதுவது என்பது முதல் வகை. ஓரி விழாவின் நாள், ஓரியின் காலம், நாமக்கல் மாவட்டத்தின் தொடக்கம் ஆகிய மூன்றும் இரண்டாம் வகை. பெரும்பான்மை வாக்கு முதல் வகையைத் தீர்க்கும். இரண்டாம் வகையைத் தீர்க்காது.

பெருநகரங்கள், பேரரசர்கள் பற்றிய தவறான தேதி விரைவில் எவராலேனும் திருத்தப்படும். கொல்லிமலை போன்ற சிறு நிலப்பகுதிகள் பற்றிய பதிவுகளைப் பார்ப்போர் சிலரே. அங்கு நுழைந்த பிழை கலைக்களஞ்சியத்திலிருந்து தரவுத்தளத்திற்கும், தரவுத்தளத்திலிருந்து பிற மொழிகளுக்கும், அங்கிருந்து ஆய்வேடுகளுக்கும் செல்லும். ஈற்றில் அவ்வாய்வேடே கலைக்களஞ்சியத்திற்குச் சான்றாகத் திரும்பி வரும். இச்சுழற்சியை அறுக்கும் ஆற்றல் மூல ஆவணங்களோடும் இலக்கியச் சான்றுகளோடும் பழகிய ஆய்வாளர்களிடமே மிகுதியாக உள்ளது. அவர்கள் இத்தொகுப்புப் பணியில் பங்கேற்பதும், தம் ஆய்வேடுகளில் தேதியை அதன் முறைமையும் துல்லியமும் விளங்க எழுதுவதும் இக்காலத்தின் தேவையாகும்.